நாளைக்கு ஒளிபரப்பு, இன்றைக்குப் படப்பிடிப்பு

சீரியல் என்று பேச்செடுத்தாலே இரண்டு பதில்கள் கைவசம் இருக்கும். ‘எழுதுறவனுக்கு அறிவில்லை’ என்பது பார்க்காதவர்கள் சொல்வது. ‘ஜனங்க இதைத்தானே கேக்குறாங்க’ என்பது எடுப்பவர்கள் சொல்வது. இரண்டுமே எனக்கு ஒப்பவில்லை. சீரியலுக்கு வசனம் எழுதுகிறவர்களில் நல்ல சிறுகதை எழுதத் தெரிந்தவர்கள் உண்டு, மேடை நாடகத்திலிருந்து வந்தவர்கள் உண்டு. பார்க்கிறவர்களோ ‘இவளுக்கு இன்னும் எத்தனை வாட்டிதான் விஷம் வைப்பாங்க’ என்று திட்டிக்கொண்டேதான் பார்க்கிறார்கள். எழுதுகிறவருக்கும் பிடிக்காமல் பார்க்கிறவருக்கும் பிடிக்காமல் ஒரு காட்சி தினமும் வீட்டுக்குள் வருகிறது என்றால், முடிவெடுப்பது அந்த இரண்டு பேருமே இல்லை.

முடிவெடுப்பது கையிருப்பு. இத்தொழிலில் அதற்கு ‘பேங்க்’ என்று பெயர். எடுத்து முடித்து, எடிட் செய்து, டப்பிங் பேசி, இசை சேர்த்து, ஒளிபரப்பத் தயாராக இருக்கும் எபிசோடுகள் எத்தனை என்பதே பேங்க். ஒரு சீரியலின் தரத்தைப் பற்றி என்னிடம் ஒரே ஒரு கேள்வி கேட்க அனுமதித்தால், கதாசிரியர் யார், கதாநாயகி யார் என்றெல்லாம் கேட்க மாட்டேன். பேங்கில் எத்தனை இருக்கிறது என்று கேட்பேன்.

கணக்கை முதலில் போட்டுவிடலாம். அரை மணி நேர ஸ்லாட்டில் விளம்பரம் போக நிகழ்ச்சிக்குக் கிடைப்பது சுமார் 22 நிமிடம். 1994-ஆம் ஆண்டு கேபிள் டிவி விதிகளின்படி மணிக்கு 12 நிமிடத்துக்கு மேல் விளம்பரம் கூடாது. அதில் 10 வணிக விளம்பரம், 2 சேனலின் சொந்த விளம்பரம். 2013-இல் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் இதைக் கறாராக அமல்படுத்தப் போனபோது சேனல்கள் டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போயின. கடிகாரத்தை வைத்துக்கொண்டு இரவு எட்டு மணித் தொடரைப் பார்த்தால் இன்றைய நிலவரம் தெரிந்துவிடும். வாரத்துக்கு ஆறு நாள் என்றால் மாதத்துக்கு 26 எபிசோட். 26 பெருக்கல் 22, அதாவது 572 நிமிடம். மாதத்தில் 18 நாள் படப்பிடிப்பு நடந்தால் ஒரு நாளைக்கு எடுக்க வேண்டியது கிட்டத்தட்ட 32 நிமிடம். சினிமாவில் ஒரு நாளைக்கு இரண்டு மூன்று நிமிடக் காட்சி தேறினாலே நல்ல நாள் என்பார்கள். அந்த 32 நிமிடத்தில் ரீகேப் எனப்படும் முன்கதைச் சுருக்கம், ‘அடுத்து வருவது’, பிரேக் முடிந்ததும் வரும் சில விநாடித் திருப்பம் ஆகியவற்றைக் கழித்தால் சுமை கொஞ்சம் குறைகிறது. அவையெல்லாம் இவ்வளவு நீளமாக இருப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

ஹாலில் ஒரு சண்டை

இந்த வேகம் காட்சிக்குள் எப்படி இறங்குகிறது என்பதற்கு, எல்லாத் தொடர்களிலும் வரும் ஹால் சண்டையையே எடுத்துக்கொள்வோம். இடம் போரூர் பக்கமோ ஈசிஆர் பக்கமோ வாடகைக்கு எடுத்த பங்களா. பெரிய ஹால், நடுவில் மாடிப்படி. மாமியார், மாமனார், இரண்டு மகன்கள், இரண்டு மருமகள்கள், வீட்டோடு இருக்கும் ஒரு அத்தை என்று ஏழு பேர். சீன் பேப்பர் காலையில்தான் வாட்ஸ்அப்பில் வந்திருக்கும். மூன்று பக்கம். மனப்பாடம் செய்ய யாருக்கும் நேரமில்லை என்பதால் கேமராவுக்குப் பக்கத்தில் நிற்கும் உதவி இயக்குநர் வசனத்தை வாய்விட்டுச் சொல்வார், நடிப்பவர் அதைக் கேட்டுத் திருப்பிச் சொல்வார். பிராம்டிங். எப்படியும் டப்பிங்கில் குரல் மாறப்போகிறது, அதனால் செட்டில் உதவி இயக்குநரின் குரல் கேட்டாலும் பாதகமில்லை. கதாநாயகி பெங்களூரிலிருந்தோ திருவனந்தபுரத்திலிருந்தோ வந்து தமிழ் இன்னும் பழகாதவராக இருந்தால் பிராம்டிங் இல்லாமல் ஒரு வரிகூட நகராது.

இதன் பலன்களை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. வசனத்தைக் காதில் வாங்கிவிட்டுப் பேசுவதற்கு அரை விநாடி ஆகிறது. அந்த அரை விநாடியில் முகத்தில் நடிப்பு இருக்காது, காத்திருப்பு மட்டுமே இருக்கும். எடிட்டர் அந்த இடத்தை மறைத்தாக வேண்டும். எதை வைத்து மறைப்பார்? எதிரில் நிற்பவரின் ரியாக்‌ஷன் ஷாட்டை வைத்துத்தான். ஒருவர் பேசும்போது இன்னொருவர் குறுக்கே பேசுவதும் நடக்காது. இரண்டு பிராம்டிங் ஒரே நேரத்தில் கொடுக்க முடியாது, டப்பிங்கில் ஒன்றன் மேல் ஒன்றாக விழும் குரல்களைப் பொருத்த நேரமும் கிடையாது. நம் வீடுகளில் சண்டை என்றால் நாலு பேரும் ஒரே நேரத்தில் கத்துவார்கள், யாராவது பாதியில் எழுந்து போய்விடுவார்கள். சீரியலில் ஆளுக்கொரு முறை வைத்து, பட்டிமன்றம் போலப் பேசி முடிப்பார்கள். இயக்குநருக்கு வாழ்க்கை தெரியாது என்று அர்த்தமில்லை. உச்சி வெயிலுக்குள் இந்த சீனை முடித்துவிட்டு அடுத்த சீனுக்கு லைட்டிங் மாற்ற வேண்டும்.

சண்டையில் கன்னத்தில் அறை விழும் இடத்தில் ஏழு முகங்களுக்கும் தனித்தனி குளோசப். ஆளுக்கு மூன்று விநாடி, ஸூம் செய்து மூன்று தடவை திருப்பிப் போட்டால் 63 விநாடி. ஒரு நிமிடத்துக்கு மேல் காட்சி கிடைத்தாயிற்று, ஒரு வரி வசனம்கூட எழுதாமல். இரண்டு கேமரா வைத்திருந்தால் அந்த ஏழு குளோசப்பையும் இருபது நிமிடத்தில் எடுத்துவிடலாம். எந்தக் காட்சிக்கும் பொருந்தும்படியாகக் கொஞ்சம் கூடுதலாக எடுத்து வைத்துக்கொள்வதும் உண்டு. ஆபத்துக்கு உதவும்.

கல்யாண எபிசோடு வாரக்கணக்கில் இழுப்பதற்கும் இதே காரணம்தான். மண்டபம், பந்தல், பூ அலங்காரம், துணை நடிகர்கள், எல்லாருக்கும் பட்டுப்புடவை என்று செலவு ஒரேயடியாக ஏறிவிடுகிறது. மூன்று நாள் மண்டபத்தைப் பிடித்தால் அதிலிருந்து இரண்டு வாரத்துக்கான எபிசோடைக் கறந்தாக வேண்டும். தாலி காணாமல் போகிறது, மணமகனுக்கு மயக்க மருந்து, போலீஸ், முகூர்த்த நேரம் தாண்டுகிறது. கதாசிரியரின் கற்பனை வறட்சி என்று நாம் சொல்வது பல நேரம் தயாரிப்பு நிர்வாகியின் பட்ஜெட் தாள்.

வசனம் ஏன் எல்லாவற்றையும் விளக்குகிறது என்ற கேள்விக்கு மட்டும் வேறு பதில் உண்டு. மாலை ஆறரையிலிருந்து ஒன்பதரை வரை தமிழ்நாட்டு வீடுகளில் இட்லிக்குண்டான் அடுப்பில் இருக்கும் நேரம். தொடரைப் பாதி நேரம் காதால்தான் பின்தொடர்கிறார்கள். ‘ஏன் ரேவதி, உன் புருஷனோட தங்கச்சி கல்யாணத்துக்கு வச்சிருந்த நகையை நீதானே எடுத்தே?’ என்று ஒரே வரியில் உறவு, பொருள், குற்றம் மூன்றையும் சொல்வது அடுக்களையில் நிற்பவருக்காக. பின்னணியில் இடி இடித்தால் ஹாலுக்கு எட்டிப் பார்க்க வேண்டும் என்று அர்த்தம். வானொலி நாடகத்தின் இலக்கணம் இது. அந்த வகையில் பார்த்தால் சீரியல் வசனகர்த்தாக்கள் தங்கள் வேலையைச் சரியாகவே செய்கிறார்கள். எனக்கு இதில் குறையில்லை.

வியாழக்கிழமை

எந்த நிகழ்ச்சியை எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்று அளக்கும் பார்க் அமைப்பின் ரேட்டிங் வியாழன்தோறும் வருகிறது. 2015-இல் டாம் நிறுவனத்தின் இடத்துக்கு பார்க் வந்தபோது அளக்கும் முறை மாறியது. ஒவ்வொரு சேனலின் ஒலியிலும் நம் காதுக்குக் கேட்காத ஒரு அடையாளம் பதிக்கப்படுகிறது. தேர்ந்தெடுத்த வீடுகளில் டிவி அருகே இருக்கும் மீட்டர் அதைக் கேட்டு, எந்தச் சேனல் ஓடுகிறது என்று குறித்துக்கொள்கிறது. வீட்டில் ஒவ்வொருவருக்கும் ஒரு பட்டன். பார்க்க உட்காரும்போது தன் பட்டனை அழுத்த வேண்டும். இந்தியா முழுவதும் 55,000க்கு மேற்பட்ட வீடுகளில் மீட்டர் இருக்கிறது. தமிழ்நாட்டின் பங்கு அதில் ஒரு சிறு பகுதி.

ரேட்டிங்குக்குள் இருக்கும் பெருக்கலைப் புரிந்துகொண்டால் சீரியலின் பாதி வியாகரணம் புரிந்துவிடும். நூறு பேரில் 60 பேர் ஒரு அரை மணி நேர நிகழ்ச்சியை எட்டிப் பார்த்தார்கள், சராசரியாக 15 நிமிடம் இருந்தார்கள் என்றால் ரேட்டிங் 30. அதே 60 பேரை 20 நிமிடம் உட்கார வைத்தால் 40. புதிதாக ஒரு ஆளைக்கூடக் கூட்டி வர வேண்டியதில்லை. ஆகவே இருப்பவரை எழுந்து போகவிடாமல் வைப்பதுதான் ஆகக் குறைந்த செலவில் ரேட்டிங் ஏற்றும் வழி. கதையில் வரும் ஒரு பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்ற கேள்வி முதல் நிமிடத்தில் எழுப்பப்பட்டு 21-ஆம் நிமிடத்தில், முகம் உறையும் ஃப்ரேமில், மறுநாளைக்குத் தள்ளப்படுவது இதனால்தான். விளம்பரம் 10 விநாடிக் கணக்கில் விற்கப்படுகிறது. விளம்பரதாரர் ஒரு ரேட்டிங் புள்ளிக்கு எவ்வளவு செலவாகிறது என்று பார்த்துத்தான் வாங்குகிறார். சோப்பு, மசாலா, நகைக்கடை, ஆடித் தள்ளுபடி எல்லாவற்றுக்கும் இந்தப் பெருக்கல்தான் தராசு.

ரேட்டிங் பார்ப்பதில் தப்பில்லை. வாரம் ஒருமுறை பார்த்துவிட்டு அன்றைக்கே கதையை மாற்றுவதில்தான் வினை. 7.9 இருந்தது 7.5 ஆனால் அது ரசனை மாற்றமா, சில மீட்டர் வீடுகளில் அந்த வாரம் ஊருக்குப் போயிருந்தார்களா, மழையில் கேபிள் அறுந்ததா, எதிர்ச் சேனலில் கிரிக்கெட்டா என்று பிரித்துச் சொல்ல முடியாது. ஆனால் வியாழன் மாலைக்குள் சேனலிலிருந்து போன் வரும். ‘இந்த ட்ராக் போரடிக்குது, வில்லியை உள்ளே கொண்டு வாங்க.’ சரிந்த தொடரைத் தூக்கி நிறுத்த ஓடும் தொடரோடு சேர்த்து மகாசங்கமம் போடுவார்கள். பாதியில் விட்ட ட்ராக்கில், அதாவது கதைக் கிளையில், இருந்த நீதிமன்ற வழக்கு என்ன ஆனது, அந்தக் குழந்தை எங்கே போனது என்று பிறகு யாரும் கேட்பதில்லை. கேட்பவர்கள் யூடியூப் பின்னூட்டத்தில் கேட்கிறார்கள்.

ரேட்டிங்கின் இந்த வாராந்தரக் குலுக்கலைத் தணிக்க வழி இல்லாமல் இல்லை. 2020 அக்டோபரில் ரேட்டிங் மோசடி வழக்குக்குப் பிறகு செய்திச் சேனல்களின் ரேட்டிங் நிறுத்தி வைக்கப்பட்டு, 2022 மார்ச்சில் மறுபடி தொடங்கியபோது நான்கு வாரச் சராசரியாக வெளியிடும் முறை வந்தது. பொழுதுபோக்குச் சேனல்களுக்கு அந்த ஏற்பாடு இல்லை. சீரியலுக்கும் நான்கு வாரச் சராசரி மட்டும்தான் என்று ஆக்கினால், வியாழக்கிழமை போன்களில் பாதி வராது என்பது என் எண்ணம்.

2020 மார்ச் 19

பேங்க் எவ்வளவு மெலிந்தது என்பதை எல்லாரும் ஒரே நேரத்தில் பார்க்கும்படி ஆனது கொரோனா காலத்தில்தான். மார்ச் 19 முதல் படப்பிடிப்புகளை நிறுத்துவதாகத் திரைத் தொழிலாளர் சம்மேளனமான ஃபெப்சி அறிவித்தது. நாடு தழுவிய ஊரடங்கு 25-ஆம் தேதி. ஏப்ரல் தொடங்குவதற்குள் பெரும்பாலான தொடர்களில் புது எபிசோட் தீர்ந்துபோனது. கோடிக்கணக்கில் விளம்பரம் வாங்கும் நேரங்கள், சில நாள் சரக்கை வைத்துக்கொண்டுதான் ஓடிக்கொண்டிருந்தன என்பது வெட்ட வெளிச்சமானது. தூர்தர்ஷன் மார்ச் 28-இல் பழைய ராமாயணத்தை எடுத்து ஓட்டியது. தமிழ்ச் சேனல்களும் பழைய தொடர்களைத் தூசி தட்டின. மக்கள் உட்கார்ந்து பார்த்தார்கள். முடிவு தெரிந்த கதையை யாரும் பார்க்க மாட்டார்கள் என்ற வாதம் அங்கே அடிபட்டது.

மே மாதக் கடைசியில் தமிழக அரசு முதலில் 20 பேரோடு உள்ளரங்கப் படப்பிடிப்புக்கு அனுமதி தந்தது, பிறகு 60 பேர் என்று உயர்த்தியது. 20 பேர் என்றால் கேமரா, லைட், மேக்கப், உதவி இயக்குநர்கள் போக நடிகர்கள் மிஞ்சிப்போனால் ஐந்தாறு பேர். ஏழு பேர் நிற்கும் ஹால் சண்டை நடக்காது. கல்யாண மண்டபம் நடக்காது. இரண்டு பேர் ஒரு அறையில் உட்கார்ந்து பேசிக்கொள்வதைத்தான் எடுக்க முடியும். ஒரு கதை உருப்படுவதற்கு இதைவிட நல்ல நெருக்கடி அமையாது என்று நினைத்தேன். எழுதுவதற்கு இரண்டு மாதம் இருந்திருக்கிறது, ஆட்கள் குறைவு, ரேட்டிங் ஒப்பீடும் குழம்பிக் கிடக்கிறது. ஆனால் நடந்தது என்ன? அனுமதி கிடைத்த நாளிலிருந்து மறுபடி தினசரி ஓட்டம். ஜூன் 19-இல் சென்னையிலும் சுற்று மாவட்டங்களிலும் முழு ஊரடங்கு வந்து மறுபடி நின்றது. இ-பாஸ் கிடைக்காமல் பக்கத்து மாநிலத்தில் மாட்டிக்கொண்ட நடிகைகளுக்குப் பதிலாக வேறு ஆட்கள் வந்தார்கள். ‘இவருக்குப் பதில் இவர்’ என்று ஒரு கார்டு, அவ்வளவுதான். சில தொடர்கள் அப்படியே நிறுத்தப்பட்டன.

அந்த இரண்டு மாதத்தில் யாராவது ஐம்பது எபிசோடுக்கு எழுதி வைத்துக்கொண்டு திரும்பியிருக்கலாமே, ஏன் வரவில்லை என்ற கேள்வி என்னை விடவே இல்லை. சோம்பல் என்று சொல்லிவிட முடியாது. அதற்குப் பதில் பணம் எந்த வழியாக ஓடுகிறது என்பதில் இருக்கிறது.

இப்போது பெரும்பாலும் இருப்பது கமிஷன் முறை. சேனல் எபிசோடுக்கு இவ்வளவு என்று தயாரிப்பாளருக்குக் கொடுக்கும், கதை உரிமை சேனலுக்கு. தொகை நிலையானது, அதனால் தயாரிப்பாளரின் லாபம் ஒரு நாள் கால்ஷீட்டில் எத்தனை நிமிடம் எடுக்கிறார் என்பதைப் பொறுத்தது. பில் பெரும்பாலும் ஒளிபரப்பான பிறகு. பணம் அதற்கும் பிறகு. ஆனால் நடிகர் சம்பளம், பேட்டா, சாப்பாடு, வீட்டு வாடகை, ஜெனரேட்டர் எல்லாம் எடுக்கும் அன்றைக்கே வெளியே போகிறது. இந்தக் கணக்கில் பேங்கில் கிடக்கும் ஒவ்வொரு எபிசோடும் தயாரிப்பாளர் தன் கைக்காசை ஹார்ட் டிஸ்க்கில் பூட்டி வைத்திருப்பது. 30 எபிசோட் பேங்க் என்றால் ஒரு மாதத்துக்கும் மேலான செலவை வட்டிக்கு வாங்கிப் போட்டிருக்கிறார் என்று பொருள். சேனலுக்கும் பேங்க் பிடிக்காது. வியாழக்கிழமை ரேட்டிங் பார்த்துக் கதையைத் திருப்பச் சொன்னால், ஏற்கெனவே எடுத்து வைத்த 30 எபிசோடு குறுக்கே நிற்கும். இருவருக்குமே கையிருப்பு வேண்டாம். எழுதுகிறவருக்கும் நடிக்கிறவருக்கும்தான் வேண்டும், அவர்களிடம் யாரும் கேட்பதில்லை.

முன்னே சன் டிவியில் ஓங்கியிருந்த ஸ்லாட் முறை வேறு மாதிரி. தயாரிப்பாளர் அரை மணி நேரத்துக்குச் சேனலுக்குக் கட்டணம் கட்டிவிட்டு, அதில் கிடைக்கும் விளம்பர நேரத்தைத் தானே விற்றுக்கொள்வார். நஷ்டம் வந்தால் அவர் தலையில். ஆனால் கதையும் அவருடையது. 2002-இல் தொடங்கிய ‘மெட்டி ஒலி’, 2003-இலிருந்து 2009 வரை ஓடிய ‘கோலங்கள்’ போன்றவற்றில் எடுத்தவரின் கைரேகை தெரிந்ததற்கு இந்த ஏற்பாட்டுக்கும் பங்கு உண்டு என்று நினைக்கிறேன். அந்தக் காலத்தைப் பொற்காலம் என்று தூக்கி வைக்கவும் மாட்டேன். ஆயிரம் எபிசோடைத் தாண்டி இழுக்கும் பழக்கம் அப்போதுதான் வேரூன்றியது. ஸ்லாட் கையில் இருக்கும்வரை முடிக்க யாருக்கு மனம் வரும்?

கதை உரிமை சேனல் குழுமத்திடம் போனதும் ரீமேக் சுலபமாகிவிட்டது. 2019-இல் வங்க மொழியில் வந்த ‘ஸ்ரீமோயீ’ அடுத்த ஆண்டே தமிழில் ‘பாக்கியலட்சுமி’, இந்தியில் ‘அனுபமா’. இங்கிருந்து ‘பாண்டியன் ஸ்டோர்ஸ்’ தெலுங்குக்கும் இந்திக்கும் போனது. வேறொரு மாநிலத்தில் ரேட்டிங் வாங்கிக் காட்டிய கதை என்பதால் சேனலுக்குப் பயம் குறைவு. எழுதுகிறவருக்கும் கொஞ்ச தூரம் வரை பாதை தெரியும், அதனால் ரீமேக் தொடர்களின் முதல் சில மாதங்கள் ஒழுங்காகவே இருக்கின்றன. மூலத்தைத் தாண்டியதும் வண்டி வழக்கமான பள்ளத்தில் இறங்குகிறது.

‘ஆரம்பத்துல நல்லாத்தான் இருந்துச்சு’ என்று எல்லாத் தொடரைப் பற்றியும் ஜனங்கள் சொல்வது உண்மையே. தொடங்கும்போது மட்டும் பேங்க் இருக்கும். முதல் இருபது முப்பது எபிசோடை நிதானமாக எடுத்து வைத்துக்கொண்டுதான் ஒளிபரப்புக்கு வருவார்கள், வெளிப்புறக் காட்சிகளும் அதில்தான் அதிகம். பேங்க் எப்போது தீர்ந்தது என்பதைப் பார்க்கிறவரே கண்டுபிடித்துவிடலாம். தெருவும் பஸ் ஸ்டாண்டும் மறையும். போனில் பேசும் காட்சிகள் கூடும். எதிர்முனையில் இருப்பவர் வேறொரு நாள் கால்ஷீட்டில் தனியாக எடுக்கப்பட்டவர். ரீகேப் ஒன்றரை நிமிடத்திலிருந்து மூன்று நிமிடமாக வளரும். பழைய காட்சிகள் நினைவலையாகத் திரும்பி வரும். வேறு தொடரில் வேஷம் கிடைத்த மைத்துனர் வேலை விஷயமாக மும்பைக்குப் போவார்.